புதன்கிழமை நீதவான்

எங்கள் குடும்பத்தில் சட்டம் படித்தவர் ஒருவர்தான். சட்டத்தை மீறிப் பிடிபட்டவரும் ஒருவர்தான். ஒரு புதன்கிழமை காலை தெற்கு லண்டனில் ஒரு நீதிமன்ற அறையில் இந்த இருவரும் நேருக்கு நேர் சந்தித்தார்கள். இடையில் நான் இருந்தேன், மொழிபெயர்ப்பாளராக.

சட்டம் படித்தவர் பெரியம்மா, அம்மாவின் மூத்த அக்கா. இலங்கையில் நீதவானாக இருந்தவர். உள்நாட்டுச் சண்டை அவரை லண்டன் மோர்டனுக்குக் கொண்டுவந்து ஒரு சூப்பர்மார்க்கெட் கல்லாவில் உட்கார்த்தியது. தீர்ப்புச் சொல்லும் முகத்தோடுதான் அங்கே உருளைக்கிழங்கு நிறுத்தார் என்று அம்மா சொல்வார். பிறகு கவுன்சிலில் வேலை கிடைத்தது. இந்த நாட்டில் சம்பளம் வாங்காத நீதவான்கள் உண்டு என்று அறிந்ததும் விண்ணப்பித்தார். மறுத்தார்கள். மறுபடியும் விண்ணப்பித்தார். நியமனம் கிடைத்த அன்று அப்பா மெல்ல இழுத்தார்.

"சம்பளம் இல்லையாம். அப்ப என்னத்துக்கு அக்கா?"

"தீர்ப்புச் சொல்ல" என்றார் பெரியம்மா.

சட்டத்தை மீறியவர் சித்தப்பா. ஜெர்மனியில் சில காலம் அகதியாக இருந்துவிட்டு லண்டன் வந்து, அம்மாவின் தங்கையான சித்தியைக் காதலித்து, யாரையும் கேட்காமல் பதிவுத் திருமணம் செய்தவர். மிச்சம் என்ற ஊர்ப் பக்கத்துத் தமிழ்க் கடைகளுக்கு வான் வண்டியில் மரக்கறி கொண்டுபோய்க் கொடுப்பது தொழில். பெரியம்மா அந்தக் கல்யாணத்துக்கு வரவில்லை. அதன் பிறகு அவரைப் பெயர் சொல்லியோ முறை சொல்லியோ அழைத்ததும் இல்லை. "அந்த வான்காரர்" என்பார், வான்காரர் எதிரே உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டிருக்கும்போதே.

கீரை வாடுவதற்குள் கடையில் இருக்கவேண்டும் என்பது சித்தப்பாவின் கொள்கை. தெருவோரக் கமராக்களின் கொள்கை வேறாக இருந்தது. லைசென்ஸில் அபராதப் புள்ளிகள் ஏறி ஏறி, கடைசியில் அதையே பறிக்கும் கட்டம் வந்தது. வான் நின்றால் வருமானம் நிற்கும். சித்திக்கு அப்போது வயிற்றில் பிள்ளை. ஆனால் குடும்பக் கஷ்டத்தை நீதவான்களிடம் எடுத்துச் சொன்னால் சிலவேளை மன்னிப்பார்களாம். சித்தப்பா முதல் தவணைக்கு முதுகுவலி என்று சொல்லிவிட்டுப் புதிய தவணை வாங்கினார், புதன்கிழமையாகப் பார்த்து.

"அக்கா இருக்கிற நாள், பிள்ளை. என்னைப் பிடிக்காட்டிலும் தங்கச்சியைப் பட்டினி போடமாட்டா."

அவர் ஜெர்மன் மொழியில் அழகாக மன்னிப்புக் கேட்பார். ஆங்கிலத்தில் கொஞ்சம் தடுமாற்றம். அதனால்தான் என்னை அழைத்துப் போனார். பள்ளியில் பிரெஞ்சுப் பாடத்தில் தவறியிருந்தேன் என்பதைத் தவிர, மொழித்துறையில் எனக்கு வேறு அனுபவம் இல்லை. பதினான்கு வயதுக்குக் கீழ்ப்பட்டவர்களை உள்ளே விடமாட்டார்கள். நான் அப்போதுதான் அதைத் தாண்டியிருந்தேன். காவலாளி கேட்பதற்கு முன்னரே என் வயதை அறிவித்தேன்.

எங்கள் வழக்கு பக்கத்து அறையில்தான் இருந்தது. அங்கே நேரம் போதாமல் கடைசி நிமிடத்தில் பெரியம்மாவின் அறைக்கு மாற்றினார்கள். சித்தப்பா பிள்ளையாருக்கு மனதுக்குள் ஒரு தேங்காய் நேர்ந்ததை அவருடைய உதடுகளில் வாசித்தேன். உள்ளே போனோம். உயரமான மேசைக்குப் பின்னால் மூன்று நீதவான்கள். இடது பக்கம் பெரியம்மா, கோயிலுக்குப் போடும் அதே முத்துமாலையுடன். சித்தப்பா அவரைப் பார்த்து, கல்யாண வீட்டு வாசலில் நிற்பவர்போல் தலையசைத்துச் சிரித்தார்.

பெரியம்மா சிரிக்கவில்லை. எழுந்து நின்றார். ஒவ்வொரு சொல்லையும் எடுத்துவைப்பதுபோல் ஆங்கிலத்தில் சொன்னார்: "இவர் என் தங்கையின் கணவர். என் குடும்பம். இந்த வழக்கில் நான் அமர முடியாது."

பிறகு பக்கத்துக் கதவால் போய்விட்டார்.

கூட்டமான பஸ்ஸில் தெரிந்தவரைக் கண்டதும் இறங்கிப் போகிற ஆட்களைப் பார்த்திருக்கிறேன். பெரியம்மாவும் அப்படியா? அவர் சொன்னதைச் சித்தப்பாவின் காதில் சொன்னேன். அவர் வெறும் கதவையே பார்த்துக்கொண்டு நின்றார். சிரிப்பு இன்னும் முகத்தில் இருந்தது. ஆனால் அது முன்பிருந்த சிரிப்பு இல்லை. அதிர்ச்சியில் மூளை கலங்கிவிட்டது என்று முடிவு செய்தேன்.

வழக்கு வேறு மூவரிடம் போனது. சித்தியின் வயிறு, வான், கடைகள் எல்லாவற்றையும் நான் மொழிபெயர்த்தேன். நடுவில் இருந்தவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "உங்களுக்காக வானை ஓட்ட வீட்டில் வேறு யாரும் இல்லையா?"

"ஒருத்தரும் இல்லை" என்றார் சித்தப்பா.

அவர்கள் நம்பவில்லை. ஆறு மாதம் லைசென்ஸ் இல்லை.

அந்த ஞாயிற்றுக்கிழமை பெரியம்மா முதல் தடவையாகச் சித்தி வீட்டுக்கு வந்தார். கையில் வானின் காப்புறுதிப் பத்திரம். சித்தியிடம் விவரம் வாங்கித் தன் பெயரையும் அதில் சேர்த்திருந்தார்.

"வான் திறப்பைத் தாரும்."

சித்தப்பா சாவியை எடுக்காமல் விழித்தார். "நீங்களோ ஓடப்போறியள், அக்கா?"

"லைசென்ஸ் உள்ள ஆக்கள்தான் ஓடலாம், தம்பி. உம்மட்டை இல்லை. என்னட்டை இருக்கு."

அதன் பிறகு ஒவ்வொரு விடியலிலும் பெரியம்மா முருங்கைக்காயும் கத்தரிக்காயும் ஏற்றினார். இறக்கி முடித்துவிட்டுக் கவுன்சிலுக்குப் போனார், தன் புதன்கிழமைகளில் நீதிமன்றத்துக்கு. மழையென்றும் பனியென்றும் ஒருநாள்கூட நிற்கவில்லை. பக்கத்தில் சித்தப்பா. சனிக்கிழமைகளில் இருவருக்கும் நடுவில் நான், மடியில் கறிவேப்பிலைக் கட்டு. வான் ஊர்ந்தது. பின்னால் ஹார்ன்கள் அலறின. ஒரு சைக்கிள்காரர் எங்களை முந்திக்கொண்டு போனார்.

"அக்கா, கொஞ்சம் அமத்துங்கோ. கீரை வாடுது."

"வாடட்டும். போர்டில முப்பது எண்டு போட்டிருக்கு."

தண்டனை என்றால் இதுதான் என்று நினைத்தேன். பெரியம்மாவை மட்டும் நான் மன்னிக்கவில்லை. கோர்ட்டில் கைவிட்டுவிட்டு இப்போது கத்தரிக்காய் சுமந்தால் சரியாகிவிடுமா? மிச்சத்தில் ஒரு கடை வாசலில் அவர் பெட்டியோடு இறங்கியதும், அதைச் சித்தப்பாவிடமே கேட்டுவிட்டேன்.

சித்தப்பா கண்ணாடி வழியே, பெட்டியைத் தூக்கிக்கொண்டு போகிறவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"பிள்ளை, அண்டைக்கு எழும்பி நிண்டு அவ என்ன சொன்னவ? இன்னொருக்காச் சொல்லு."

போன சனிக்கிழமையும் கேட்டார், அதற்கு முந்தைய சனிக்கிழமையும். நான் சலித்துக்கொண்டு திரும்பவும் மொழிபெயர்த்தேன்: "இவர் என் தங்கையின் கணவர். என் குடும்பம்." பாவம், மனிதருக்கு ஆங்கிலம் அவ்வளவு மோசம் என்றுதான் அப்போது நினைத்தேன்.