பேர்வெள்ளி முளைத்த நாள்

வசுமதிக்குக் கோபம் வந்தால் கத்தமாட்டாள். வாயை இறுக்கிக்கொண்டு தேயிலைக் கொழுந்து வெட்டும் மெஷினை வேகமாக இழுப்பாள். அந்த மெஷினுக்கு இரண்டு பக்கமும் பிடி. மறுபக்கத்துப் பிடி பதினைந்து வருஷமாகப் பாஞ்சாலையின் கையில். ஆகவே வசுமதியின் கோபம் முதலில் தெரிவது பாஞ்சாலையின் தோள்பட்டைக்குத்தான். அந்தச் சனிக்கிழமை தோள் கழன்றுவிடும் போலிருந்தது.

"செடிய வெட்டுறியா, ஆள வெட்டுறியா?" என்றாள் பாஞ்சாலை.

"மண்டபத்து வாசல்ல போர்டு வச்சிருக்கானுங்க. போயி படி."

மலேசியாவின் கேமரன் மலையில், ரிங்லெட் ஊருக்கு மேலே இருக்கும் அந்தத் தோட்டத்தில், சுற்றுலாக்காரர்கள் டீ குடித்துக்கொண்டே மலையைப் படம் பிடிக்க ஒரு கண்ணாடி மண்டபம் கட்டியிருந்தார்கள். மறுநாள் திறப்பு விழா. வாசலில் ஆளுயரப் பலகை. அதில் மூன்று மொழியில் பேர்வெள்ளியின் கதை.

பேர்வெள்ளி என்ற நட்சத்திரம் எந்த வானத்திலும் கிடையாது. அதை முளைக்க வைத்தவள் வசுமதி. மூன்று வருஷத்துக்கு முன் அவள் அம்மா ருக்குமணி இறந்தபோது தோட்டத்து ஆபீஸ் ஒரு மலர்வளையம் அனுப்பியது. முப்பத்தோரு வருஷம் அதே மலையில் கொழுந்து எடுத்தவளுக்கு அதில் எழுதியிருந்தது இவ்வளவுதான்: 'முன்னாள் தொழிலாளிக்கு அஞ்சலி'. பேரைக் கேட்டு எழுதக்கூட ஒருத்தனுக்கு உடம்பு வளையவில்லை. வசுமதி அந்த எழுத்துத் துணியைப் பிய்த்து அடுப்பில் போட்டாள். கருமாதி முடிந்த மறுநாள், வேலை ஓய்வில் தேயிலைச் செடிகளுக்கு நடுவே உட்கார்ந்து, தொழிலாளர் குடியிருப்பான லயத்துப் பெண்களின் வாட்ஸ்அப் குழுவில் கதை எழுத ஆரம்பித்தாள்.

முகிலடி என்று ஒரு நாடு. அங்கே மேகம் காலுக்குக் கீழே கிடக்கும். ஜனங்கள் அதன்மேல் மிளகாய் பயிரிடுவார்கள். வருஷத்தில் ஒரே ஒரு நாள் கிழக்கு முகட்டில் பேர்வெள்ளி முளைக்கும். இளம்பச்சை நிறம், பகலிலும் மறையாது. அன்றைக்கு ஒருவரைக் கூப்பிட வேண்டுமானால் அவர் அம்மா பேரையும் அவர் பேரையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 'ஏய்', 'இந்தாம்மா' எதுவும் செல்லாது. அன்றைக்குப் போய்க் கேட்டும் தெரிந்துகொள்ள முடியாது. முன்பே தெரிந்திருக்க வேண்டும். அதனால் அந்த நாட்டில் பிள்ளைகளுக்கு முதல் பாடமே அக்கம்பக்கத்து அம்மாக்களின் பேர்கள்தான். தண்ணீர் கொண்டுவருபவளின் பேர் தெரியாத ராஜா ஒருவன் பேர்வெள்ளி நாளில் பொழுது சாயும்வரை நா வறண்டு கிடந்தான். அதைப் படித்துவிட்டுப் பெண்கள் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். அதிலிருந்து குழாயடியில் விளையாட்டுக்கு ஒருத்தியை ஒருத்தி அப்படியே கூப்பிடவும் தொடங்கினார்கள்.

பலகையில் ராஜா இல்லை. அம்மாக்களும் இல்லை. 'தேயிலைத் தொழிலாளர்களின் பரம்பரை நம்பிக்கை. பேர்வெள்ளி தோன்றும் நாளில் இவர்கள் வரிசையாக நின்று தோட்டத்துத் துரையை வணங்கி நன்றி சொல்வார்கள்.' எவள் வணங்கினாள்? எப்போது வணங்கினாள்?

வசுமதி நேராக ஆபீஸில் கணக்கெழுதும் கிராணி சாம்பசிவத்திடம் போனாள். மலர்வளையத்துக்குச் சொல்லி அனுப்பியவனும் அவன்தான்.

"வீட்டுக்காரி போன்ல படிச்சேன்க்கா," என்றான் அவன், கூச்சமே இல்லாமல். "ஒண்ணு விடாம படிச்சேன்லா. தொரைகிட்ட சொன்னேன், அவருக்கும் புடிச்சிருச்சு."

"தொரைய கும்புடுறதா நான் எங்க எழுதுனேன்?"

"டூரிஸ்ட்டுக்கு கொஞ்சம் மாத்தணும்லா."

"எழுதுனவ பேரு எங்க?"

"பழைய கதைன்னு போட்டாதான் மதிப்புக்கா. நாளைக்கு நீங்களே மைக்ல வந்து சொல்லுங்க. தொரை கூப்புடுவாரு."

"கூப்புடட்டும்," என்றாள் வசுமதி.

ஞாயிறு காலை கொழுந்து வெட்டும் பெண்கள் பன்னிரண்டு பேருக்கும் சிவப்புச் சேலை கட்டி, தொட்டு வருஷக்கணக்கான கூடைகளை முதுகில் மாட்டி, பலகைக்கு முன்னால் நிறுத்தினார்கள். தோட்டத்துத் துரை, மேனேஜர் திருமாறன், மைக்கைப் பிடித்தார். அவர் வந்து ஆறு வருஷம் ஆகிறது. அவர் பங்களாவில் இருக்கும் இரண்டு நாய்களின் பேரும் தோட்டத்தில் எல்லாருக்கும் தெரியும்.

"இப்ப நம்ம தோட்டத்து அம்மா ஒருத்தவங்க அந்தக் கதைய சொல்வாங்க. வாங்கம்மா," என்றார், பாஞ்சாலையைப் பார்த்து.

யாரும் அசையவில்லை.

"அம்மா, ஒங்களத்தான்."

பன்னிரண்டு பேரும் எதிர்மலையைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். கிராணி ஓடிப்போய் அவர் காதில் ஏதோ சொன்னான். "வசுமதி, வாங்க," என்றார் துரை. வசுமதி இமைகூடக் கொட்டவில்லை.

அப்போதுதான் சாம்பசிவத்துக்கு உறைத்தது. ஒன்று விடாமல் படித்தவன் அல்லவா? முகம் வெளுத்து அவள் பக்கத்தில் வந்து குனிந்தான்.

"அக்கா, மானம் போவுது. ஒங்கம்மா பேரு என்னா? சொல்லிருங்கலா."

மலர்வளையம் அனுப்பியவன் கேட்கிறான். மூன்று வருஷம் கழித்துக் கேட்கிறான், அதுவும் துரையின் மானத்துக்காக. வசுமதிக்கு உடம்பெல்லாம் எரிந்தது. ஓங்கி ஒன்று விட்டிருப்பாள். கூடை வாரை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

பாஞ்சாலை தன் கூடையைக் கழற்றிப் பலகையின் காலடியில் வைத்தாள். பிறகு மலைச்சரிவில் ஆள் கூப்பிடும் குரலில், "ருக்குமணி மக வசுமதி," என்றாள்.

"வந்தேன்."

"வீட்டுக்குப் போலாம்."

வசுமதியும் கூடையை இறக்கினாள். பக்கத்தில் நின்றவளைப் பார்த்து, "காமாட்சி மக திலகம்," என்றாள். திலகம் தன் கூடையை இறக்கிவிட்டு அடுத்தவளைக் கூப்பிட்டாள். கடைசியில் நின்றவள் பாஞ்சாலையைக் கூப்பிட்டாள்.

துரை மைக்கைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். அதை அணைக்க அவருக்குத் தோன்றவில்லை. பன்னிரண்டு பேரின் பேரும் அவர்களுடைய பன்னிரண்டு அம்மாக்களின் பேரும் ஒன்று விடாமல் அதில் கேட்டன.