பாட்டுப் போட்டு அழித்த குரல்

விளையாட்டுக் கழகத்தின் ஆண்டுவிழா மேடையில் நான் மரியாதை கெட்டு நடந்துகொண்டேனாம். ஊரெல்லாம் இப்போது அதுதான் கதை. நடந்துகொண்டேன்தான். இன்னும் எனக்குக் கோபம் ஆறவில்லை.

அண்ணைக்குப் பாரிசவாதம் வந்து மூன்று வருடம். வலது கை போயிற்று, பேச்சும் போயிற்று. அவருடைய குரல் மிஞ்சியிருந்தது ஒரே ஒரு வீடியோ கசெற்றில். அவர் இளந்தாரியாக இருந்தபோது சரவணைக் கிராமத்தில் நடந்த கிளித்தட்டுப் போட்டியை, கனடாவிலிருந்து வந்த மச்சான் படம் பிடித்திருந்தார். கோடுகளில் நின்று மறிப்பவர்களின் கைபடாமல் கடைசிக் கோடு வரை போய்த் திரும்பி வரும்போது, அண்ணை "பழம்" என்று கத்துவார். கிளித்தட்டில் தப்பித் திரும்பியவன் சொல்லும் சொல் அது. அத்தனை சனத்தின் கூச்சலுக்கு மேலாலும் அவர் குரல் கேட்கும்.

போட்டுப் பார்க்கும் டெக் பழுதாகிப் பல காலம். கசெற்றை ஒரு பிஸ்கற் பேணியில் போட்டு அலுமாரிக்குள் வைத்திருந்தேன். பழைய விளையாட்டுப் படங்களைக் கணினியில் ஏற்றிப் பாதுகாக்கப் போகிறோம் என்று கழகத் தலைவர் வந்து கேட்டார். எனக்கு மனமில்லை. அண்ணைதான் தன் வாயைத் தொட்டு, பிறகு காதைத் தொட்டுக் காட்டினார். கொடுத்துவிட்டேன்.

விழாவில் அதைத் திரையில் போட்டார்கள். முதலில் அந்தக் காலத்து விருந்தினர்களுக்கு மாலை போடுவது, வெட்டாமல் கொத்தாமல் முழுவதும். பிறகு போட்டி. அண்ணை கதிரையில் முன்னுக்குச் சரிந்து உட்கார்ந்தார். திரையில் அவர் ஓடி வந்தார், வாயைத் திறந்தார். வந்தது ஒரு சினிமாப் பாட்டு.

பக்கத்தில் நின்ற தலைவரிடம் கேட்டேன். "சத்தம் எங்கை?"

"ஒரே இரைச்சல் அக்கா. அதை எடுத்துப்போட்டுப் பாட்டுப் போட்டனாங்கள். வடிவா இருக்கெல்லோ?"

"கசெற்றைத் தாங்கோ."

"அது பூஞ்சணம் பிடிச்சுப் போச்சு. ஏத்தி முடிஞ்சதெண்டு குப்பையோட எரிச்சுப்போட்டம். இப்ப கணினியிலையும் பாட்டுப் போட்டதுதான் இருக்கு."

அண்ணைக்கும் அது கேட்டது. அவர் என்னைப் பார்க்கவில்லை, திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அந்த மனிசனின் கன்னத்தில் அறைய வேண்டும் போலிருந்தது எனக்கு.

அதற்குள் பழைய வீரர் என்று அண்ணையை மேடைக்கு அழைத்தார்கள். நான் கைபிடித்து ஏற்றினேன். வெளிநாட்டிலிருந்து வந்திருந்த பிரதம விருந்தினர் பொன்னாடை போர்த்தினார். அவருக்கு ஒன்றும் தெரியாது. ஒலிவாங்கியை அண்ணையின் வாயருகே நீட்டி, "இரண்டு வார்த்தை சொல்லுங்கோ அண்ணை" என்றார்.

நான் அதைப் பறித்தேன்.

"அவருக்குப் பேச ஏலாது. அவரின்ரை குரலைப் பாதுகாக்கிறம் எண்டு வாங்கிக்கொண்டு போய் எரிச்சுப்போட்டினம்."

தலைவர் ஒலிபெருக்கியை நிறுத்தச் சொல்லிக் கை காட்டினார். நிறுத்தினார்கள். அண்ணை இடது கையால் பொன்னாடையை இழுத்துக் கழற்றி, தலைவரின் கையில் கொடுத்துவிட்டுப் படியிறங்கினார்.