அக்காவின் ரத்தத்தில் வந்த எண்

பதினான்கு வருடமாக நான் லேப் டெக்னீசியன். பெரம்பலூரில் ஒரு தனியார் மருத்துவமனையில் வேலை. காலையில் வார்டுகளிலிருந்து வரும் ரத்தக் குழாய்களை வாங்கி, சுழலவிட்டு, மேலே தெளியும் நீரைப் பிரித்து மெஷினில் வைப்பேன். எண்கள் வரும். மாடிக்கு அனுப்புவேன். பெயரைச் சரிபார்ப்பேனே தவிர ஆளை நினைத்துப் பார்க்க மாட்டேன். நினைக்க ஆரம்பித்தால் இந்த வேலை ஓடாது.

என் அக்கா அரும்பாவூர்ப் பக்கம் ஒரு அரசுப் பள்ளியில் சத்துணவு சமைக்கிறாள். என்னைவிடப் பதினோரு வயது மூத்தவள். அம்மா இறந்தபோது நான் ஆறாவது படித்துக்கொண்டிருந்தேன். அதற்குப் பிறகு எனக்குத் தலை பின்னிவிட்டதும், பரீட்சைக்கு எழுப்பிவிட்டதும், லேப் படிப்பில் சேர்த்துவிட்டதும் அவள்தான். மாமா, அதாவது அவள் கணவர், அரியலூரில் சுண்ணாம்புக்கல் லாரி ஓட்டுகிறார். வாரத்துக்கு ஒரு நாள் வீட்டுக்கு வருவார். பிள்ளைகள் இல்லை.

ஒரு புதன்கிழமை, பள்ளிக்கூடத்தில் உலை கொதித்துக்கொண்டிருக்கும்போது அவளுக்கு நெஞ்சு படபடவென்று அடித்துக்கொள்ள ஆரம்பித்தது. சரியாகிவிடும் என்று அரிசியைக் களைந்து போட்டிருக்கிறாள். அதற்குமேல் நிற்க முடியாமல் தரையில் உட்கார்ந்துவிட்டாள். தலைமை ஆசிரியர் தன் காரிலேயே எங்கள் மருத்துவமனைக்குக் கொண்டுவந்தார். நான் ஓடிப் பார்த்தபோது திரையில் இதயத்துடிப்பு நூற்றெழுபதைத் தாண்டி ஓடிக்கொண்டிருந்தது. ஆனால் அவள் முகத்தில் வலி இல்லை, எரிச்சல்தான் இருந்தது. அரிசி குழைந்துபோயிருக்குமே என்று கவலைப்பட்டாள்.

இதயத்தின் மேலறைகள் ஒழுங்கில்லாமல் துடிக்கின்றன, அதனால்தான் இந்த வேகம் என்று இதய டாக்டர் சொன்னார். முதலில் போட்ட ஊசிக்குக் கேட்கவில்லை. பிறகு அமியோடரோன் என்ற மருந்தை ட்ரிப்ஸில், சின்ன பம்ப் ஒன்றின் வழியாக மெதுவாக ஏற்றினார்கள். அன்றைக்கு எல்லாப் பரிசோதனைகளையும் நானே செய்தேன். எல்லாம் சரியாக இருந்தன. ஈரல் புண்பட்டால் ஏறும் எண் இருபத்தாறு. இதைவிட நல்ல எண் வேண்டியதில்லை.

வியாழக்கிழமை காலை துடிப்பு ஒழுங்குக்கு வந்துவிட்டது. மாமா அரியலூரிலிருந்து முதல் பஸ்ஸில் வந்து நின்றார். சட்டையிலும் புருவத்திலும் கல்தூசி அப்படியே இருந்தது. அக்கா காபி கேட்டாள். இன்னும் ஒரு நாள் ட்ரிப்ஸ் ஓடட்டும், அப்புறம் மாத்திரைக்கு மாறலாம் என்றார் டாக்டர். நாங்கள் மூன்று பேரும் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தோம்.

வெள்ளிக்கிழமை காலையில் வந்த சீட்டில் சோடியம், பொட்டாசியம் மட்டும் கேட்டிருந்தார்கள். குழாயைக் கொண்டுவந்த நர்ஸ், உங்க அக்கா விடிஞ்சதிலிருந்து ரெண்டு தடவ வாந்தி எடுத்தாங்க, காபியக் கூட வேணாம்னுட்டாங்க என்று போகிறபோக்கில் சொன்னாள். கேட்காத பரிசோதனையைச் செய்வது எங்கள் வழக்கம் இல்லை. ஆனால் அது என் அக்காவின் ரத்தம். குழாயில் மிச்சமும் இருந்தது. ஈரலுக்கும் சேர்த்துப் போட்டேன்.

எண்ணே வரவில்லை. அளவுக்கு மேல் போய்விட்டது என்று காட்டும் ஒரு குறி மட்டும் வந்தது. குழாய் மாறிவிட்டதோ என்று பெயரைப் பார்த்தேன். மாறவில்லை. ரத்தம் எடுக்கும்போது அணுக்கள் உடைந்து நீர் சிவந்திருக்குமோ என்று வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தேன். அதுவும் இல்லை. பத்து மடங்கு நீர்க்கச் செய்து மறுபடி வைத்தேன். இந்த முறை முந்நூற்றுப் பன்னிரண்டு வந்தது. பத்தால் பெருக்க வேண்டும். இந்த ஒரு கணக்குக்கு நான் பேனாவை எடுத்துக் காகிதத்தில் எழுதிப் பார்த்தேன். மூவாயிரத்து நூற்றிருபது.

அப்படிப்பட்ட எண்களை அதற்கு முன் நான் பார்த்ததெல்லாம் பெரும்பாலும் எலி மருந்து சாப்பிட்டவர்களின் ரத்தத்தில்தான். முதல் நாள் நன்றாகப் பேசிக்கொண்டிருப்பார்கள். மூன்றாம் நாள் அவர்கள் பெயர் போட்ட குழாய் வராது. ஏன் வரவில்லை என்று நான் கேட்டதில்லை.

ரிப்போர்ட்டை எடுத்துக்கொண்டு படியேறினேன். லிப்டுக்குக் காத்திருக்க முடியவில்லை. ஐ.சி.யூ.வில் இருந்த இளம் டாக்டரம்மா வாங்கிப் பார்த்துவிட்டு, சாம்பிள் மாறிடுச்சாக்கா என்று கேட்டார். இரண்டு தடவை போட்டுப் பார்த்துவிட்டேன் என்றேன். அவர் முகம் மாறியதைப் பார்த்தபோதுதான், சாம்பிள் மாறியிருக்கலாம் என்று அவர் சொல்லிவிட மாட்டாரா என்ற ஆசையோடு படியேறி வந்திருக்கிறேன் என்பது எனக்குப் புரிந்தது.

கால் மணி நேரத்தில் இதய டாக்டர் வந்தார். ரத்த அழுத்தச் சார்ட்டை ஆரம்பத்திலிருந்து ஒவ்வொரு கட்டமாகப் பார்த்தார். பிறகு என்னைத் தனியாக ஜன்னலோரம் கூப்பிட்டு, குரலைத் தணித்து, "உங்க அக்கா ஏதாச்சும் சாப்பிட்டிருப்பாங்களா? கேட்டுத்தான் ஆகணும், தப்பா எடுத்துக்காதீங்க" என்றார்.

நான் இல்லை என்றேன். ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. கண்ணாடிக் கதவுக்கு அப்பால் மாமா பெஞ்சில் குனிந்து உட்கார்ந்திருந்தார். இருபத்தைந்து வருடமாகப் பழகிய மனிதரை ஒரு நிமிடம் யாரோ போலப் பார்த்தேன். இவர்களுக்குள் எனக்குத் தெரியாமல் ஏதாவது நடந்திருக்குமோ? குழந்தை இல்லாத ஏக்கத்தை அவள் என்னிடம் ஒருநாளும் சொன்னதில்லையே? அக்காவின் காதருகே குனிந்து கேட்டேன். அவள் கண்ணைத் திறந்து என்னை முறைத்தாள்.

"பைத்தியமாடி ஒனக்கு? அடுப்புல ஒல கொதிக்கிறப்ப எவளாச்சும் மருந்தக் குடிப்பாளா? நூத்தம்பது புள்ளைவொ தட்ட வச்சிக்கிட்டு நிக்கும்."

அதற்குமேல் எனக்குச் சந்தேகம் இல்லை.

டாக்டர் பம்ப்பைத் தானே நிறுத்தினார். அபூர்வமாகச் சிலருக்கு இந்த ட்ரிப்ஸ் ஓரிரு நாளிலேயே ஈரலைத் தாக்கிவிடும், மருந்தைக் கரைத்திருக்கும் திரவம்கூடக் காரணமாக இருக்கலாம் என்று விளக்கினார். ரத்த அழுத்தம் இறங்கி ஈரலுக்கு ரத்தம் குறைந்திருந்தால் வேறு மாதிரி யோசிக்கலாம், உங்கள் அக்காவுக்கு ஒருமுறைகூட இறங்கவில்லை, அதனால் இதைத்தான் சந்தேகப்படுகிறேன் என்றார். நிறுத்தினால் இதயம் மறுபடி ஓட ஆரம்பிக்குமா என்று கேட்டேன். ஆரம்பிக்கலாம் என்றார். நிறுத்தியபிறகு ஈரல் தேறிவிடுமா என்று கேட்டேன். பெரும்பாலும் தேறும், ஆனால் ரத்தம் உறைய இன்னும் நேரமானாலோ, ஈரல் கெட்டது மூளையைத் தாக்கிப் பேச்சில் தடுமாற்றம் வந்தாலோ உடனே திருச்சிக்கு அனுப்பிவிடுவேன், ஆம்புலன்ஸைத் தயாராக வைக்கச் சொல்லியிருக்கிறேன் என்றார். ஆம்புலன்ஸ் என்ற சொல்லுக்கு அப்பால் அவர் பேசியது எதுவும் என் காதில் ஏறவில்லை.

ரத்தத்தை உறையவைக்கும் சத்தை ஈரல்தான் உண்டாக்குகிறது. ஈரல் கெட்டால் ரத்தம் உறைய நேரமாகும். அக்காவின் ரத்தம் உறைய வழக்கத்தைவிட இரண்டு மடங்குக்கு மேல் நேரம் எடுத்தது. அதையும் நான்தான் பார்த்தேன். மஞ்சள் காமாலைக் கிருமிகளுக்கான பரிசோதனைகளையும் நான்தான் செய்தேன். ஒன்றும் இல்லை. என்னுடன் வேலை செய்யும் பெண் தான் பார்ப்பதாகச் சொல்லிக் குழாயை வாங்க வந்தாள். கொடுக்கவில்லை. என் கையைவிட்டுப் போனால் எண் இன்னும் கூடிவிடும் என்பதுபோல ஒரு பயம்.

சனிக்கிழமை கூடித்தான் இருந்தது. நாலாயிரத்தைத் தாண்டியது. அக்காவின் கண்ணில் மஞ்சள் ஏறிவிட்டது. எந்நேரமும் தூங்கிக்கொண்டே இருந்தாள்.

அன்று மத்தியானம் மாமா வெளியே போய்விட்டு ஒரு தண்ணீர் பாட்டிலோடு வந்தார். உள்ளே பச்சையாக ஏதோ அரைத்த சாறு. அரியலூர்ப் பக்கம் காமாலைக்குப் பச்சிலை கொடுப்பவர் ஒருவரிடம் சொல்லி வாங்கிவரச் செய்திருக்கிறார். வெறும் வயிற்றில் மூன்று நாள் கொடுத்தால் இறங்கிவிடுமாம். அதை அவர் கையிலிருந்து பிடுங்கிவிட்டேன். இது வழக்கமான காமாலை இல்லை, மருந்தால் புண்பட்ட ஈரல், இதற்குமேல் எதையும் அதன்மேல் ஏற்றக் கூடாது என்றேன். குரல் உயர்ந்துவிட்டது. வாழ்க்கையில் அவரிடம் அப்படிப் பேசியதில்லை. அவர் கோபப்படவில்லை. பெஞ்சில் உட்கார்ந்துவிட்டார்.

"நான் என்னதான் பண்ணட்டும், பாப்பா? நீயாச்சும் ரத்தத்தப் பாக்குற. நான் செவுத்தப் பாத்துக்கிட்டு ஒக்காந்திருக்கேன்."

அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன். இரண்டு நாளாக எண் எதையும் அவரிடம் சொல்லாமல் மறைத்திருந்தேன். அப்போது சொன்னேன். அதற்கு என்ன அர்த்தம் என்றும் சொன்னேன். திருச்சிக்குப் போகவேண்டி வந்தால் உடனே கையெழுத்துப் போட வேண்டும் என்றேன். சரி என்று தலையாட்டினார். பாட்டிலை என் கையிலேயே விட்டுவிட்டார்.

பேச்சில் தடுமாற்றம் வருகிறதா என்று பார்க்க, ஒரு மணி நேரத்துக்கு ஒருமுறை அவளிடம் ஏதாவது கேட்கச் சொல்லியிருந்தார் டாக்டர். பெயர், ஊர், கிழமை எல்லாம் கேட்டாகிவிட்டது. திரும்பத் திரும்ப அதையே கேட்டதில் அவள் மனப்பாடம்போல் சொன்னாள். அதை நம்ப எனக்குத் தைரியம் வரவில்லை. யோசித்துச் சொல்லக்கூடிய ஒன்றைக் கேட்க வேண்டும் என்று, செவ்வாய்க்கிழமை பள்ளிக்கூடத்தில் என்ன சாப்பாடு என்று கேட்டேன்.

அவள் பதில் சொல்லவில்லை. கண் பாதி மூடியிருந்தது. உதடு அசைந்து நின்றது. நான் மாமாவைப் பார்த்தேன். அவர் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டார். ஒருவேளை அரை நிமிடம்தான் இருக்கும். அவளுடைய நினைவு எங்களைவிட்டுப் போய்க்கொண்டிருக்கிறது, நான் நின்று பார்த்துக்கொண்டிருக்கிறேன் என்றே நினைத்தேன். டாக்டரம்மாவைக் கூப்பிட வாயைத் திறந்துவிட்டேன்.

"மொத வாரமா, ரெண்டாவது வாரமா?" என்றாள் அக்கா.

எனக்குப் புரியவில்லை.

"மொத வாரம்னா கொண்டக்கடல புலவு. ரெண்டாவது வாரம்னா மீல்மேக்கர் சாதம். எந்த வாரம்னு சொல்லாம கேட்டா என்னத்தச் சொல்றது?"

மாமா வெளியே போய்விட்டார். நான் அவள் காலைப் பிடித்துக்கொண்டு அங்கேயே நின்றேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை இரண்டாயிரத்து முந்நூறு. நம்பாமல் மறுபடி வைத்தேன். அதேதான். ரத்தம் உறையும் நேரமும் கொஞ்சம் குறைந்திருந்தது. படியேறும் நேரத்தைக்கூடப் பொறுக்காமல் மேலே போனில் சொன்னேன். அதன்பிறகு ஒவ்வொரு நாளும் எண் பாதிப் பாதியாகக் குறைந்தது. இதயம் நடுவில் ஒருமுறை ஓட ஆரம்பித்தது. வேறொரு மாத்திரைக்கு அடங்கியது. பதினோராம் நாள் வீட்டுக்குப் போனாள். அமியோடரோன் ட்ரிப்ஸ் இனி இவருக்குக் கூடாது என்று டிஸ்சார்ஜ் சீட்டில் சிவப்பு மையில் எழுதிக் கொடுத்தார் டாக்டர். அதுதான் காரணமென்று நிச்சயமாகத் தெரியுமா என்று கேட்டேன். நூற்றுக்கு நூறு நிரூபிக்க இன்னொரு முறை கொடுத்துத்தான் பார்க்க வேண்டும், அதை யாரும் செய்யப் போவதில்லை என்றார்.

பயம் அதோடு போகவில்லை. மாசி மாதம் மாமா வகையில் ஒரு காதுகுத்து, கல்லங்குறிச்சிக் கோவிலில். எனக்கு டூட்டி, போகவில்லை. பதினொரு மணிக்கு மாமா போனில் கூப்பிட்டார். கோவிலில் நிற்கும்போதே நெஞ்சு ஓட ஆரம்பித்துவிட்டதாம், அரியலூர் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுவந்திருக்கிறார்களாம். "என்னமோ ட்ரிப்ஸ் போடணும்ங்கிறாங்க" என்றார். அத்தோடு லைன் போய்விட்டது. சீட்டு எங்கே என்று கேட்டு முடிப்பதற்குள் போய்விட்டது. திரும்பத் திரும்பக் கூப்பிட்டேன். சுவிட்ச் ஆஃப்.

மெஷினில் இருந்ததை அப்படியே தோழியிடம் விட்டுவிட்டு அரியலூர் பஸ்ஸில் ஏறினேன். வழியெல்லாம் லாரிகள். ஒவ்வொன்றாக ஒதுங்க ஒதுங்க பஸ் ஊர்ந்தது. ஆஸ்பத்திரி நம்பரைத் தேடிப் பிடித்துக் கூப்பிட்டேன், யாரும் எடுக்கவில்லை. ஒரு தடவை தப்பித்தாள், இரண்டாவது தடவை ஈரல் தாங்குமா என்பதைத் தவிர வேறு நினைப்பு இல்லை. இந்நேரம் ஊசி குத்தியிருப்பார்கள், இந்நேரம் ஏறிக்கொண்டிருக்கும் என்று ஒவ்வொரு நிறுத்தத்திலும் நினைத்தேன். பக்கத்து சீட்டிலிருந்த அம்மா, என்ன ஏது என்று கேட்காமல், தண்ணீர் கொடுத்தார்.

வார்டுக்குள் ஓடியபோது அவள் கட்டிலில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தாள். பட்டுப்புடவை, தலையில் பூ. கையில் வெறும் ஊசிக்குழாய். பாட்டில் எதுவும் தொங்கவில்லை. மாமாவின் போனில் சார்ஜ் தீர்ந்துவிட்டதாம். வேறொரு ஊசி போட்டிருக்கிறோம், துடிப்பு இறங்கிக்கொண்டிருக்கிறது என்று அங்கிருந்த டாக்டர் சொன்னார். சீட்டை வீட்டிலேயே வைத்துவிட்டு வந்திருந்தாளாம்.

"மருந்து பேரு வாயில நொழையல. கையப் பொடவைக்குள்ள சுருட்டி வச்சிக்கிட்டேன். ஈரல் போயிடும், என்ன மருந்துன்னு எழுதிக் காட்டுங்க, பெரம்பலூர்ல என் தங்கச்சி இருக்கா, அவளக் கேக்காம கையக் குடுக்க மாட்டேன்னுட்டேன்."

அந்த டாக்டர் கோபித்துக்கொள்ளவில்லை. பொறுமையாக நாலைந்து பெயர்களைச் சொல்லிப் பார்த்திருக்கிறார். மூன்றாவது பெயருக்கு அவள் நிமிர்ந்து, அதுதான் அதுதான் என்றாளாம்.

திருச்சியில் ரத்தக்குழாய் வழியாகக் கம்பி விட்டு, இதயத்தில் துடிப்பு தவறும் இடத்தைச் சுட்டுவிடலாம், மாத்திரையே வேண்டியிருக்காது என்கிறார்கள். அவள் இன்னும் சம்மதிக்கவில்லை. லீவு விடட்டும் என்கிறாள். லீவும் வந்து போய்விட்டது.

இப்போது ஐ.சி.யூ.விலிருந்து வரும் சீட்டில் அந்த ட்ரிப்ஸ் ஓடுவதாகத் தெரிந்தால், ஈரலுக்கும் பார்க்கட்டுமா என்று மேலே போன் செய்து கேட்கிறேன். பெரும்பாலும் பாருங்கள் என்கிறார்கள். பதினான்கு வருடத்தில் நான் கேட்காமல் விட்ட குழாய்கள் எத்தனையோ. அவற்றில் யாருக்காவது இப்படி இருந்ததா என்று தெரியாது. தெரிந்துகொள்ள வழியும் இல்லை.

மாதம் ஒரு சனிக்கிழமை அக்கா ரத்தம் கொடுக்க வருகிறாள். எடுத்து முடித்ததும் வெளியே பெஞ்சில் உட்கார்ந்து, வரிசையில் இருக்கும் யாரிடமாவது பேச ஆரம்பித்துவிடுவாள். அவள் குரல் உள்ளே கேட்டுக்கொண்டிருக்கும். எண் வரும்வரை நான் மெஷினைவிட்டு நகர்வதில்லை.