புளி போட்டு விளக்கிய கிடாரம்

என்னைக் கள்ளி என்று சொன்னது லிஃப்டுக்குள். சொன்னவள் எங்களுக்கு மேல்மாடியில் இருந்தவள். அப்போது எங்கள் இரண்டு பேரையும் தவிர லிஃப்டில் ஏழு பேர் நின்றார்கள், நான் எண்ணினேன். எல்லாரும் எங்களுடைய தமிழ் ஆட்கள்தான். ஏழு பேருக்கும் கேட்டது.

சங்கதி இதுதான். தொண்ணூறுகளின் நடுவில் நாங்கள் ரொறன்ரோவில், மல்வேர்ன் பக்கம் ஒரு உயரமான கட்டடத்தில் இருந்தோம். அந்த வருசம் தைப்பொங்கலுக்குக் கட்டடத்தின் பின்பக்கம் பனியை வழித்து, காஸ் அடுப்பு வைத்து எல்லாருமாகச் சேர்ந்து பொங்கினோம். நான் ஒரு பித்தளைக் கிடாரம் கொண்டுபோனேன். அவளும் ஒன்று கொண்டுவந்தாள். இரண்டும் ஒரே அளவு, இரண்டிலும் சர்க்கரைப் பொங்கல். முடிந்து பார்க்கும்போது ஒரு கிடாரம்தான் கிடந்தது. மற்றது எங்கே போனதென்று இன்றுவரை தெரியாது. கிடந்தது என்னுடையது. அடியெல்லாம் கரி பிடித்திருந்தாலும் தூக்கும்போது கைக்குத் தெரியாதா? தூக்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

நாலு நாள் கழித்துத்தான் அந்த லிஃப்ட் கதை. நான் தூக்கிக்கொண்டு வந்தது அவளுடைய கிடாரமாம்.

அந்தக் காலத்தில் ரொறன்ரோவில் சுவட்டு மன்று என்று ஒன்று இருந்தது. ஒரு பொருளைப் பிடித்துப் பழகிய கை அதில் ஒரு சுவட்டை விட்டுவிடும். மன்றில் இருக்கிற சுவடு பார்ப்பவர் அந்தப் பொருளுக்கு மேலே தன் கையை விரித்துப் பிடித்தால், அந்தச் சுவடு நூல் நூலாக எழும்பிப் போய் உரியவரின் விரலைச் சுற்றிக்கொள்ளும். அவ்வளவுதான் தீர்ப்பு. சத்தியம் இல்லை, லோயர் இல்லை. எங்கள் கீழ்வீட்டுக்காரரின் தையல் மெஷின் வழக்கு அரை மணித்தியாலத்தில் முடிந்தது.

வழக்குப் போட்டது அவள் இல்லை, நான்தான். கிடாரம் உங்களிடம் இருக்கிறது, உங்களுக்கு என்ன தேவை வழக்கு என்று மகன் கேட்டான். எனக்கு ஒரு கடுதாசி தேவை. நான் கள்ளி இல்லை என்று மன்று எழுதித் தரவேண்டும். அதைக் கொண்டுவந்து லிஃப்ட் வாசலில் ஒட்டவேண்டும்.

தமிழிலும் ஒரு விளக்கத்தாள் அனுப்பியிருந்தார்கள். சோப் போட்டுக் கழுவினாலும் சுவடு போகாது என்று அதில் இருப்பதை மருமகள் வாசித்துச் சொன்னாள். சுவடு போய்விடுமோ என்று அதுவரை விளக்காமல் வைத்திருந்தேன். நல்லதாய்ப் போயிற்று என்று வழக்குக்கு முதல்நாள் பின்னேரம் உட்கார்ந்து, புளியும் உப்பும் போட்டு, இரண்டு மணித்தியாலம் விளக்கினேன். கரி பிடித்த ஏனத்தைக் கொண்டுபோய் நாலு பேருக்கு முன்னால் வைக்கிற பழக்கம் எனக்கு இல்லை. கிடாரம் மின்னியது.

மன்று இருந்த அஜின்கோர்ட்டுக்கு பஸ்ஸில் போனேன், கிடாரத்தைப் படுக்கை விரிப்பில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு. அவளும் அதே பஸ்ஸில் முன் சீற்றில் இருந்தாள். திரும்பிப் பார்க்கவில்லை. நானும் கூப்பிடவில்லை.

மன்றில் சுவடு பார்க்கிறவ ஒரு வெள்ளைக்கார மனுசி. மொழிபெயர்க்க ஒரு தமிழ்ப் பிள்ளை இருந்தாள். மனுசி கையை விரித்துப் பிடித்தா. ஒன்றும் எழும்பவில்லை. திரும்பப் பிடித்தா. பிறகு அந்தப் பிள்ளையிடம் ஏதோ கேட்டா.

“அம்மா, உதில ஒருத்தற்றை கையும் இல்லையாம். இண்டைக்குக் காலமை செய்த ஏனம் மாதிரிக் கிடக்காம். என்ன போட்டுக் கழுவினீங்கள்?”

“புளி.”

“புளியோ?”

“பித்தளைக்கு வேற என்னத்தைப் போடுறது?”

புளி என்றால் என்னவென்று அவள் மனுசிக்கு விளங்கப்படுத்திக்கொண்டே நின்றாள். மனுசி என்னை ஒரு மாதிரிப் பார்த்தா.

“சுவட்டை அழிக்கிறதுக்கெண்டு போட்டீங்களோ எண்டு கேக்கிறா.”

“நாப்பது வருசமா வெள்ளிக்கு வெள்ளி புளி போடுறன் எண்டு சொல்லு பிள்ளை. அப்ப இந்தக் கோர்ட்டும் தெரியாது, கனடாவும் தெரியாது.”

அப்போதுதான் மேல்மாடிக்காரி சிரித்தாள். “நானும் புளிதானே போடுறனான். அப்ப எங்கட ஏனம் ஒண்டும் இவைக்குக் கதை சொல்லாது!” எழும்பி வந்து கிடாரத்தைக் கவிழ்த்தாள். அடியைத் தடவிப் பார்த்தாள். சிரிப்பு நின்றுவிட்டது.

“அக்கா, உதில பற்று இல்லை.”

“என்ன பற்று?”

“என்ரை கிடாரம் ஓட்டை விழுந்து ஈயம் வைச்சு ஒட்டினது. அண்டைக்குக் கரியில தெரியேல்லை. உது உங்கடைதான்.”

“பிள்ளை, கேட்டனியே? உதை எழுதச் சொல்லு.”

மனுசி தலையாட்டினா, இல்லையென்று.

“கண்ணாலை பாத்ததும் வாயாலை சொல்லுறதும் இங்க எடுபடாதாம் அம்மா. சுவடு மட்டும்தானாம்.”

“கள்ளி எண்டு சொன்னவளே இல்லையெண்டுறாள். இனி என்ன சுவடு?”

சுவடு இல்லாத பொருளுக்கு உரியவர் இல்லையாம். சுவடு வரும்வரை மன்றில்தான் இருக்குமாம். கையுறை போட்ட ஒருத்தன் வந்து, கிடாரத்தில் இலக்கம் கட்டி உள்ளே தூக்கிக்கொண்டு போனான். கையுறை போட்டுத் தூக்கினால் எப்படிச் சுவடு வரும் என்று கேட்டேன்.

“அதை நானும் கேட்டனான். விதி அப்படியாம் அம்மா.”

கடுதாசி தந்தார்கள், தமிழிலும் ஒன்று. பஸ்தரிப்பில் நின்று எழுத்துக் கூட்டி வாசித்தேன். “தீர்க்கப்படவில்லை.” இதை எந்தச் சுவரில் ஒட்டுவது?

கட்டடத்துக்கு வந்ததும் அவளை லிஃப்டுக்கு முன்னால் மறித்தேன்.

“உள்ளுக்கை சொன்னது பிழையெண்டு உள்ளுக்கை நிண்டு சொல்லும்.”

“ஆக்கள் இல்லையே அக்கா.”

“வருவினம்.”

விரிப்பைக் கையில் மடித்துக்கொண்டு அவளோடு மூன்றுதரம் மேலும் கீழும் போய்வந்தேன். கடைசியில் ஒரு ஜமேக்கா மனுசி உடுப்புக் கூடையோடு ஏறினா. வேறு வழியில்லாமல் மேல்மாடிக்காரி அவவுக்கே சொன்னாள், தமிழில்: “இந்த அக்கா கள்ளி இல்லை. பிழை என்னிலைதான்.” அவ இரண்டு பேரையும் பார்த்துச் சிரித்துவிட்டு, உடுப்புத் தோய்க்கிற மாடியில் இறங்கிப் போனா.

பிறகு மற்றவர்களுக்கும் சொல்கிறேன் என்றாள். சொன்னாள்தான், ஐந்து பேருக்கு. மிச்சம் இரண்டு பேர் அடுத்த மாதமே வீடு வாங்கி வோபர்னுக்குப் போய்விட்டார்கள். கிடாரம் மன்றின் தட்டில் கிடந்து கறுத்துப்போயிருக்கும். அதைவிட, வோபர்னில் இருக்கிற அந்த இரண்டு பேருக்கும் நான் இன்னும் கள்ளிதான்.