மூன்றாவது ஆட்டம் மேலூரில்தான்

விதி எளிமையானது. லீக் சுற்றில் மாவட்டத்தின் பெண்கள் கூடைப்பந்து அணிகள் எல்லாம் ஒன்றோடொன்று ஆடும். பட்டியலில் மேலே நிற்கும் இரண்டு அணிகளுக்கு இடையே இறுதிப் போட்டி. அது மூன்று ஆட்டம். இரண்டை வென்றவர்களுக்குக் கோப்பை. முதல் ஆட்டம் முதலிடம் பிடித்த அணியின் ஊரில் நடக்கும். இரண்டாவது, இரண்டாமிடம் பிடித்தவர்களின் இடத்தில். ஆளுக்கொன்று ஜெயித்து நின்றால் மூன்றாவது மறுபடியும் முதலிடத்தாரின் ஊரில். இதில் யாருடைய தயவும் இல்லை. லீக்கில் ஜெயித்த ஒவ்வொரு ஆட்டத்துக்கும் கிடைத்த கூலி அது.

அந்த வருடம் முதலிடம் நாங்கள். மேலூர்.

சொந்தக் கோர்ட்டின் சாதகம் என்ன என்று கேட்டால் நான் கைதட்டலை முதலில் சொல்ல மாட்டேன். முதலில் பஸ். ஆட்டத்துக்கு முன்னால் ஷூ பையை மடியில் இடுக்கிக்கொண்டு, நகரத்தின் மாட்டுத்தாவணி பஸ் ஸ்டாண்டு வரை கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே போவது யார் என்பதுதான் பாதி ஆட்டம். அடுத்தது வெயில். நான்கு மணிக்குமேல் எங்கள் கோர்ட்டில் மேற்கு ரிங்கைப் பார்த்து எறிகிறவர்களுக்குக் கண் கூசும். அதனால் டாஸில் எந்தப் பக்கம் கேட்க வேண்டும் என்று எங்களுக்குத் தெரியும். கிழக்கு போர்டு கொஞ்சம் விறைப்பு. பந்து வேகமாகத் திரும்பும். நடுவட்டத்துக்கு இடப்புறம் ஒரு விரிசல் உண்டு. அதில் விழுந்த பந்து முழங்காலுக்குமேல் எழும்பாது. கைதட்டல் இவற்றுக்குப் பிறகுதான்.

நான் நகரத்தில் அளவுக் கருவிகளைச் சரிபார்க்கும் ஓர் ஆய்வகத்தில் வேலை பார்க்கிறேன். பட்டியல் போடாமல் எனக்கு எந்த வேலையும் ஓடாது. அதனாலேயே அணியில் ஆடுவதோடு கடிதம் எழுதுவது, படிவம் நிரப்புவது, சாவி வைத்திருப்பது எல்லாம் என் தலையில் விழுந்தன. இறுதிப் போட்டிக்காகக் கோர்ட்டைத் தயார் செய்ய இருபத்தேழு வரி கொண்ட ஒரு பட்டியல் போட்டிருந்தேன். ரிங்கின் உயரம், வலை, கோடுகளுக்குச் சுண்ணாம்பு, குடிநீர், முதலுதவி, ஸ்கோர் எழுத மேசை, மேசைக்கு நிழல். எல்லாவற்றுக்கும் நேராக டிக் இருந்தது.

முதல் ஆட்டத்தை எங்கள் ஊரில் ஜெயித்தோம். இரண்டாவதை நகர அணியின் உள்ளரங்கில், மரத் தரையில் தோற்றோம். மூன்றாவது ஞாயிற்றுக்கிழமை நான்கு மணிக்கு. புதன்கிழமை லீக்கின் செயலாளர் போன் செய்தார்.

“ஏம்மா, ஞாயித்துக்கெழம ஆட்டத்த இங்கயே வச்சுக்குவோம். மரத் தரை, லைட்டு, உக்கார கேலரி, எல்லாம் இருக்கு. ஒங்களுக்கும் நல்லதுதான?”

“எங்களுக்கு எப்படி சார் நல்லது?”

“பெரிய எடத்துல வெளையாண்ட பேரு கெடைக்கும்ல.”

“அந்தப் பேரு போன வாரமே கெடச்சிருச்சு சார். பதினோரு பாயின்ட்ல தோத்தோம்.”

கொஞ்சம் செருமினார். “இல்லம்மா, பொம்பளப் புள்ளைக. பாத்ரூம் வசதி அது இதுன்னு பாக்கணும்ல?”

“எங்க கோர்ட்டுலயும் இருக்கு சார். கழுவிப் பூட்டி வச்சிருக்கோம். சாவி என்கிட்டதான் இருக்கு.”

“சரி, அத விடு. கோர்ட்டு பூரா நெல்லு கெடக்காமே?”

என் பட்டியலில் இருபத்தேழு வரி இருந்தது, நெல் இல்லை.

மறந்துவிட்டேன் என்று சொல்ல முடியாது. தை பிறந்தால் ஊரில் சிமெண்டு போட்ட இடம் எதுவும் சும்மா இருக்காது. தார் ரோட்டில் பாதி, மண்டபத்து முற்றம், எங்கள் கோர்ட், எல்லாவற்றிலும் நெல் காயும். ஆறாம் வகுப்பில் நான் பந்து தட்டக் கற்றதே நெல் காயாத பாதிக் கோர்ட்டில்தான். நெல்லை ஒரு தடையாக என் மூளை எண்ணியதே இல்லை. ரிங்குக்குக் கீழே தரை இருக்கிறதா என்று யாராவது பட்டியலில் எழுதுவார்களா? அப்படித்தான் அதுவும். முதல் ஆட்டத்துக்கும் மூன்றாவதற்கும் இடையில் அறுப்பு தொடங்கியிருந்தது.

அவருக்கு எப்படித் தெரிந்தது என்று விசாரித்தேன். எங்கள் கேப்டன்தான். பஸ் ஸ்டாண்டு பக்கம் செல்போன் கடையில் வேலை பார்ப்பவள். காலையில் கோர்ட் வழியாகப் போனவள் படம் எடுத்து, ‘எங்க கோர்ட்டு தங்கமா மின்னுது’ என்று ஸ்டேட்டஸ் வைத்திருந்தாள்.

“அழகா இருந்துச்சுடி, வச்சேன்,” என்றாள்.

“யாரு யாரு பாத்தாங்கன்னு பாத்தியா?”

“எல்லாரும் ஹார்ட்டுதான் போட்டாக. அந்த சாரும் போட்டாரு.”

நெல்லைக் காட்டிச் செயலாளர் பிடித்துக்கொண்ட விதியும் பொய்யில்லை. ஆட்டத்துக்கு இரண்டு மணி நேரம் முன்பே கோர்ட் தயாராக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் அமைப்பாளர்கள் இடத்தை மாற்றலாம். ஆக, ஞாயிறு இரண்டு மணி. அதற்குள் தரை தெரியாவிட்டால் நாங்கள் மறுபடி பஸ் ஏற வேண்டும்.

அள்ளி ஓரமாகப் போட வேண்டியதுதானே என்று நகரத்தில் இருப்பவர்கள் கேட்கலாம். எங்கள் பக்கம் அது நடக்காது. ஒருவர் காயப்போட்ட நெல்லை இன்னொருவர் தொட்டு அள்ள மாட்டார். லாரிக்காரர்கூட வண்டியை ஒதுக்கித்தான் போவார். நெல்லுக்கு உரியவர் முதல் கை வைத்த பிறகுதான் மற்றவர்கள் தொடலாம்.

வியாழக்கிழமை சாயங்காலம் வேலை முடிந்து நேராகக் கோர்ட்டுக்குப் போனேன். நெல்லுக்கு உரிய அக்கா ரிங் கம்பத்தில் சாய்ந்து உட்கார்ந்து காக்கை விரட்டிக்கொண்டிருந்தார். நாற்பது வயது இருக்கும். குத்தகை நிலம், அவரே பார்க்கிறார்.

“அக்கா, ஞாயித்துக்கெழம கோர்ட்டு வேணும்.”

“எடுத்துக்க. நான் என்ன தலையில கட்டிக்கிட்டா போகப் போறேன்?”

“நெல்லு?”

“நெல்லு காஞ்சா தானா எந்திரிச்சு சாக்குக்குள்ள போயிரும். காயலன்னா கெடக்கும்.”

“எப்ப காயும்?”

“அத என்கிட்டக் கேக்குற? மேல கேளு.” வானத்தைக் காட்டினார். பிறகு கொஞ்சம் இறங்கி வந்தார். “கொள்முதல்ல ஈரம் இருக்குன்னு ஒருக்க திருப்பி விட்டாக. இன்னொருக்க வண்டி ஏத்தித் திரும்ப முடியாதும்மா. அம்புட்டு நெல்லையும் நான் ஒருத்தி எம்புட்டுக் கிண்டுறது?”

அவர் ஒருத்தி, நாங்கள் பத்துப் பேர் என்பதுதான் எனக்கு உடனே தோன்றியது. சொன்னேன். என்னைத் தலை முதல் கால் வரை பார்த்தார்.

“காலக் கழுவிட்டு ஏறணும். ஷூவோட ஏறுனீக, வெளக்குமாறுதான்.”

“சரிக்கா.”

“காஞ்சாத்தான் அள்ளுவேன். ஒங்க ஆட்டத்துக்காக ஈர நெல்ல அள்ள மாட்டேன்.”

“காயாம அள்ளச் சொல்ல மாட்டேன்.”

வெள்ளிக்கிழமை ஆபீசில் அடுத்த தொல்லை. நகர அணியின் கேப்டன் எனக்குப் பக்கத்து மேசைக்காரி. சௌராஷ்டிர மொழி பேசும் குடும்பம், அம்மாவோடு போனில் பேசும்போது மட்டும் அவள் என்ன சொல்கிறாள் என்று எனக்குப் புரியாது. மற்ற நேரமெல்லாம் நன்றாகவே புரியும்.

“மாப்ள, ஞாயித்துக்கெழமைக்கு ஷூ கொண்டு வரணுமா, இல்ல கதிர் அருவா கொண்டு வரணுமா?”

“ரெண்டும் வேணாம். ஏழாம் நம்பர் பிளாட்பாரத்துல பஸ் எடுப்பான். சீக்கிரமா வந்தா சீட்டு கெடைக்கும்.”

“பேசாம எங்க எடத்துக்கு வந்துருங்க. ஏசி போடச் சொல்றேன்.”

“நீங்க மொத எடம் வந்திருந்தா வந்திருப்போம்.”

அவள் சிரித்துவிட்டாள். ஆனால் அது அவளுக்குச் சுட்டது என்று தெரியும். எனக்கும் அந்த வாரம் முழுக்க ஒன்று சுட்டுக்கொண்டிருந்தது. எங்களிடம் யாரும் ‘உங்களுக்கு உரிமை இல்லை’ என்று சொல்லவில்லை. உரிமை இருக்கிறது, ஆனால் வசதியாக இருக்க வேண்டாமா என்றுதான் எல்லோரும் பரிவாகக் கேட்டார்கள். அந்தப் பரிவைக் கேட்டே எங்களுக்கு முன்னால் ஆடிய அக்காமார்கள் ஒவ்வொரு முறையும் பஸ் ஏறியிருக்கிறார்கள். அவர்கள் ஆடியதை அவர்கள் வீட்டில்கூட யாரும் பார்த்ததில்லை.

சனிக்கிழமை பத்துப் பேரும் காலைக் கழுவிக்கொண்டு நெல்லில் இறங்கினோம். ஒரு பக்கக் கோட்டிலிருந்து எதிர்க் கோடு வரை காலை இழுத்துக்கொண்டே நடக்க வேண்டும். பாதத்துக்கு இருபுறமும் நெல் வரப்பாக ஒதுங்கும். திரும்பும்போது அந்த வரப்பைக் கலைக்க வேண்டும். அரை மணிக்கு ஒருமுறை என்று நான் நேரம் குறித்தேன். மதியத்துக்குள் பனியன் நனைந்து, கழுத்தெல்லாம் நெல்லின் சுணை அரித்தது.

“கோச்சுகூட இப்படி ஓட விட்டதில்லடி,” என்றாள் கேப்டன்.

“ஸ்டேட்டஸ் வையி.”

“வாய மூடு.”

என் ஆய்வகத்தில் ஈரம் அளக்கும் கருவிகள் இருக்கின்றன. நான் எதையும் எடுத்து வரவில்லை. அக்கா மணிக்கொரு தரம் ஒரு நெல்லைப் பல்லில் வைத்துக் கடித்தார், உதட்டைப் பிதுக்கினார், நாங்கள் மறுபடி நடந்தோம். ஞாயிறு காலை பனி விலகி வெயில் ஏறி, பத்தரை மணிக்குக் கடித்த நெல் ‘டக்’கென்று முறிந்த சத்தம் எனக்கே கேட்டது. அக்கா குனிந்து முதல் முறம் அள்ளினார். அதற்குப் பிறகு யாரும் யாருக்கும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

சாக்குகளைத் தென்கிழக்கு மூலையில், கோட்டுக்கு வெளியே அடுக்கித் தார்ப்பாய் போட்டோம். மூன்று முறை பெருக்கினோம். ஒரு டிராக்டர் தண்ணீர் வாங்கி ஊற்றிக் கழுவினோம். வெயிலில் சிமெண்டு நிமிடத்தில் உலர்ந்தது. செயலாளர் வந்தபோது மணி ஒன்று ஐம்பது.

கோர்ட்டைச் சுற்றி வந்தார். ஷூவால் தரையைத் தேய்த்துப் பார்த்தார். நான் அளவு நாடாவை நீட்டினேன். ரிங்கை அளக்காமல் திருப்பித் தந்தார்.

“யாராச்சும் வழுக்கி விழுந்தா நாங்கதான் பொறுப்புன்னு ஒரு லெட்டர் எழுதிக் குடுத்துரும்மா.”

“போன வாரம் ஒங்க மரத் தரைக்கு யாரு சார் எழுதிக் குடுத்தா?”

“அது மரத் தரைம்மா.”

“எங்க பொண்ணு அதுலதான சார் வழுக்கி விழுந்தா?”

அவர் படிவத்தில் ‘தயார்’ என்று எழுதினார்.

நான்கு மணிக்குச் சுற்றுச்சுவர் முழுக்க ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். முதல் ஆட்டத்துக்கு வராத என் அம்மாவும் வந்திருந்தார். நான் ஆடுவதை அவர் பார்த்தது அன்றுதான். ஆட்டத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. யாரும் ஐந்து பாயின்டுக்குமேல் முந்தவில்லை. கீழைக்காற்று கிளம்பி, சாக்குகளின் பக்கமிருந்து பதரும் தூசியும் அந்த மூலைக்குள் மெல்ல வந்துகொண்டிருந்தன. இடைவேளையில் நடுவர் சொல்லி ஒருமுறை பெருக்கினோம். மறுபடி வந்தது. பதர் கிடக்கும் சிமெண்டில் குதிகாலை ஊன்றக் கூடாது, எட்டைச் சுருக்க வேண்டும் என்று எங்களுக்குத் தெரியும். அதை நாங்கள் அவர்களுக்குச் சொல்லவில்லை.

கடைசி அரை நிமிடம். நாங்கள் ஒரு பாயின்ட் மேலே. பந்து என் பக்கத்து மேசைக்காரியிடம். அவள் அந்த மூலையிலிருந்து ரிங்கை நோக்கிப் பாய்ந்தாள். முதல் எட்டிலேயே கால் வாரியது. பந்து வெளியே. விசில். அதன்பிறகு நாங்கள் பந்தை விடவே இல்லை.

கை கொடுத்துத் தூக்கினேன். முழங்கை சிராய்த்திருந்தது. தண்ணீர் ஊற்றிக் கழுவிவிட்டேன்.

“மாப்ள, நீ ஜெயிக்கல. நெல்லு ஜெயிச்சிருச்சு.”

“நெல்லும் எங்க ஊருதான்.”

அவள் சிரிக்கவில்லை. செயலாளர் ஆட்சேபப் படிவத்தோடு வந்து நின்றார். எழுதச் சொல்லி அவர்தான் கொடுத்தார், எழுதியது அவள். ‘தரையில் தூசி இருந்தது. அதனால் விழுந்தேன்.’ அதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. கீழே எதிரணியின் பதிலுக்கு இடம் விட்டிருந்தது. பேனாவை என்னிடம் நீட்டினார்கள். ஆட்சேபம் முடியும்வரை கொடுக்கக் கூடாது என்று கோப்பை மேசைமேலேயே இருந்தது. சுவரில் இருந்தவர்கள் இறங்காமல் காத்திருந்தார்கள்.

எழுதினேன். ‘ஒன்று: தூசி இருந்தது. இரண்டு: இடைவேளையில் பக்கம் மாறினோம், ஆளுக்கொரு பாதி அந்த மூலை இரு அணிக்கும் இருந்தது. மூன்று: நடுவர் சொன்னபோது பெருக்கினோம். நான்கு: லீக்கில் முதலிடம் பெற்ற அணியின் கோர்ட்டில் மூன்றாவது ஆட்டம் நடக்க வேண்டும் என்பது விதி. அங்கேதான் நடந்தது.’

செயலாளர் தோளுக்குமேல் எட்டிப் படித்தார். “கடைசியா ஒரு வரி, வருந்துகிறோம்னு போட்ரும்மா. பிரச்சினை இல்லாம முடிச்சிரலாம்.”

முழங்கைக்கு வருந்தினேன், அதை அவளிடம் நேரிலேயே சொல்லியிருந்தேன். ஆட்டம் நடந்த இடத்துக்கு வருந்த என்னிடம் எதுவும் இல்லை. நான்காவது வரிக்குக் கீழே கையெழுத்துப் போட்டேன். அதற்குக் கீழே ஊர்ப் பெயரை எழுதினேன். தாளை அவரிடம் கொடுத்துவிட்டு, முடிவு வரும்வரை அங்கேயே நின்றேன்.