மரவீட்டில் சாரம் கேட்டவர்

எங்கள் மாமாவின் கலியாணத்தைப் பொருத்தி வைத்தது யார் என்ற வழக்கு எங்கள் குடும்பத்தில் இன்னும் தீர்ந்தபாடில்லை. தான் வைத்த ஆட்டிறைச்சிக் கறிதான் என்பார் அம்மா. தன்னுடைய வாய்தான் என்பார் மாமா. அந்தோனியாரின் புதுமை என்பார் மாமாவின் மாமியார். மாமியைக் கேட்டால், தேத்தண்ணி போடவேண்டும் என்று எழுந்து குசினிக்குப் போய்விடுவார். அந்த வீடுதான் பொருத்தி வைத்தது என்று நான் சொன்னால், சின்னப்பிள்ளைக்கு என்ன தெரியும் என்று வாயை அடைப்பார்கள். எனக்கு இப்போது நாற்பத்தேழு வயது.

எண்பதுகளின் நடுவில் நாங்கள் டென்மார்க்கில், கோல்டிங் நகரத்துக்கு வெளியே, காட்டோரமாக ஒரு மரவீட்டில் இருந்தோம். பலகை அடித்த வீடு என்று நினைத்துவிடாதீர்கள். பட்டை சீவிய முழுமரங்களை ஒன்றன்மேல் ஒன்றாகப் படுக்கவைத்து, மூலைகளில் ஒன்றையொன்று கவ்வப் பண்ணி, இடுக்குகளில் கம்பளி திணித்துக் கட்டிய வீடு. மாமா ஜன்னல் செய்யும் தொழிற்சாலையில் வேலை செய்தார். அங்கே அவரோடு வேலை செய்த டேனிஷ்காரர் ஒருவர் தன் மகனுக்கென்று ஆசை ஆசையாகக் கட்டியது அது. மகனோ கோப்பன்ஹேகனில் மாடிவீடுதான் வேண்டும் என்று போய்விட்டான். கட்டியவர் வயலுக்கு அந்தப் பக்கம் தன் பழைய வீட்டிலேயே இருந்துகொண்டு, இதை மாமாவுக்கு வாடகைக்குக் கொடுத்தார். அப்பா, அம்மா, நான் மூவரும் மாமாவோடு ஒட்டிக்கொண்டோம்.

அதற்கு முன் நாங்கள் இருந்தது ஒடென்சேயில் ஒரு சீமெந்து அடுக்குமாடி. அங்கே தூக்கத்தில் சுவரில் முதுகு பட்டால் அலறிக்கொண்டு எழும்ப வேண்டும், அப்படி ஒரு குளிர். அம்மா ரொட்டி சுடும் போறணையை மூட்டி, அதன் கதவைத் திறந்துவிட்டு, அதற்கு முன்னால் என்னை இருத்தித்தான் தலை வாரி இழுப்பார். மரவீட்டிலோ சுவரில் சாய்ந்துகொண்டு வீட்டுப்பாடம் செய்யலாம். சுவர் சுடாது, குளிராது, ஒரு ஆளின் தோளில் சாய்ந்த மாதிரி இருக்கும். பின்னேர வெயில் பட்டால் உள்ளே எல்லாம் தேன் நிறமாகிவிடும். மரத்தின் கணுக்களில் எனக்கு ஒரு ஆமை, ஒரு மாடு, கோபமான கணக்கு ரீச்சர் எல்லாரும் இருந்தார்கள்.

வீட்டுக்காரர் சாவியைத் தந்தபோது ஒரே ஒரு சட்டம் சொன்னார். காலையில் இரண்டு கட்டை, பின்னேரம் இரண்டு கட்டை, அவ்வளவுதான். இந்த மரம் அடுப்பின் சூட்டைக் குடித்து வைத்துக்கொண்டு, நெருப்பு அணைந்த பிறகும் கொஞ்சம் கொஞ்சமாகத் தரும். அதற்குமேல் வைத்தால் ஜன்னலைத் திறக்க வேண்டி வரும். பனிக்காலத்தில் தான் கட்டிய வீட்டின் ஜன்னல் திறந்திருப்பதை ஊர் பார்த்தால் அதைவிட மானக்கேடு தனக்கு வேறில்லை என்றார். எழுபதுகளின் எண்ணெய்த் தட்டுப்பாட்டில் அடிபட்டு எழும்பிய தலைமுறை அது. அவர்களுக்குச் சூட்டை வெளியே விடுவதும் சோற்றை வீதியில் கொட்டுவதும் ஒன்றுதான்.

இந்தக் காலத்தில்தான் மாமாவுக்குத் திடீரென்று பக்தி வந்தது. பத்து நிமிட பஸ் ஓட்டத்தில் கோல்டிங் கத்தோலிக்கக் கோயில் இருந்தும் அங்கே எட்டிப்பாராத மனிதர், ரயிலேறி, அந்த ரயிலோடு கப்பலேறிக் கடல் கடந்து, கோப்பன்ஹேகன் பக்கம் தமிழ்ப் பூசைக்குப் போய்வரத் தொடங்கினார். தம்பிக்கு நல்ல புத்தி வந்துவிட்டது என்று அம்மா மெழுகுதிரி கொளுத்தினார். கொஞ்ச நாளில், அந்தப் பக்கம் டோஸ்ட்ருப்பில் ஒரு பெண் இருக்கிறாராம், பேசிப் பாருங்கள் என்று மாமா தரையைப் பார்த்துக்கொண்டு அம்மாவிடம் சொன்னார்.

பெண்ணின் தகப்பனார் யாழ்ப்பாணத்தில் ஓவசியராக இருந்தவர். மதகும் பாலமும் பள்ளிக்கூடமும் கட்டுவித்த கை. சீமெந்தும் கல்லும் சேராத எதையும் அவர் வீடு என்று சொல்வதில்லை. மாப்பிள்ளை மரவீட்டில் இருக்கிறார் என்று கேள்விப்பட்டதும் ஒரே வரியில் பதில் வந்தது: "காட்டுக்குள்ள கொட்டில் போட்டிருக்கிறவனுக்கு என்ர பிள்ளையைக் குடுக்கேலாது." மாமா ஒரு கிழமை முழுக்கச் சாப்பிடவில்லை. அம்மா தொலைபேசியில் கெஞ்சிக் கூத்தாடி, வந்து ஒருக்கால் பார்த்துவிட்டாவது வேண்டாம் என்று சொல்லுங்கள் என்றார். வருகிறோம், ஆனால் பிடிக்காவிட்டால் தேத்தண்ணியும் குடிக்காமல் திரும்பிவிடுவோம் என்றார் ஓவசியர்.

எங்கள் ஆட்களிடம் அதுதான் கணக்கு. சம்பந்தம் பேச வந்த இடத்தில் கை நனைக்கவில்லை என்றால் காரியம் முடிந்தது என்று அர்த்தம்.

பெப்ரவரி மாதம், ஒரு சனிக்கிழமை. அப்பாவுக்கு வேலை, வீட்டில் அம்மா, மாமா, நான். வெளியே முழங்கால் மட்டத்துக்குப் பனி. அதை மிதித்துக்கொண்டு ஓவசியர், அவருடைய மனைவி, அவர்களுக்குப் பின்னால் பெண்.

"ஐயோ, பொம்பிளையையும் கூட்டிக்கொண்டெல்லோ வருகினம்!" என்று அம்மா ஜன்னலில் நின்று நெஞ்சில் கைவைத்தார். முறைப்படி பெண் வரக்கூடாதுதான். ஆனால் அந்நிய நாட்டில் குமர்ப்பிள்ளையைத் தனியே வீட்டில் விட்டுவர ஓவசியருக்கு மனமில்லை. அந்தத் தகப்பன் மனம்தான் அவரைக் கவிழ்த்தது.

கோட்டு வாங்கி மாட்டுவது என் பொறுப்பு. ஓவசியர் தன் ஓவர்கோட்டைத் தரவில்லை. "பரவாயில்லை, கெதியாப் போயிடுவம்" என்றார். அம்மா நீட்டிய தேத்தண்ணிக் கோப்பையை மேசையில் வைத்துவிட்டு, நேரே சுவரிடம் போனார். விரலை மடக்கித் தட்டிப் பார்த்தார். பிறகு சட்டைப்பையிலிருந்து ஜெபமாலையை எடுத்து, சிலுவை கீழே தொங்கும்படி மூலையில் பிடித்து, ஒரு கண்ணை மூடிக்கொண்டு பார்த்தார். செபம் செய்கிறார் என்று நான் முழங்காலில் நின்றேன். மனிதர் மாலையையே தூக்குக்குண்டாகப் பிடித்துச் சுவர் நேராக இருக்கிறதா என்று பார்த்திருக்கிறார். உருண்டை மரத்தில் எங்கே நேர் பார்ப்பது!

"கறையான் வராதோ தம்பி?"

"இஞ்ச கறையான் இல்லை ஐயா. அதுக்கு இன்னும் விசா குடுக்கேல்லை."

ஓவசியர் சிரிக்கவில்லை. அம்மா மாமாவை முறைத்தார்.

பெண்ணை அடுப்புக்குப் பக்கத்துக் கதிரையில் இருத்தியிருந்தார்கள். மாமா மூலையில் மரங்கள் கவ்வியிருக்கும் அழகை விளக்க, எல்லோரும் அந்தப் பக்கம் திரும்பினார்கள். அப்போது பெண் இரும்பு அடுப்பின் கதவைச் சத்தமில்லாமல் திறந்து, ஒரு கட்டையை உள்ளே வைத்து மூடினார். திரும்பினால் நான் நிற்கிறேன்.

"உங்களுக்குக் குளிருதோ அன்ரி?"

"ஓம் குஞ்சு, சரியான குளிர்" என்று மெதுவாகச் சொல்லி, கைப்பையிலிருந்து ஒரு சாக்லேட் எடுத்துத் தந்தார்.

எனக்குப் பாவமாகப் போய்விட்டது. வீட்டுக்கு வந்தவர் குளிரில் வாடலாமா? விறகுக் கூடையை இழுத்து அவர் காலடியில் வைத்துவிட்டேன். அவர் என் கன்னத்தைத் தடவினார். அதன் பிறகு யாராவது தலையைத் திருப்பும்போதெல்லாம் ஒரு கட்டை உள்ளே போனது.

முதலில் ஓவசியரின் மனைவி சால்வையைக் கழற்றினார். "இஞ்சேருங்கோ, கோட்டைக் கழட்டுங்கோவன்" என்றார். ஓவசியர் கேட்காதவர் போல நின்றார். கொஞ்ச நேரத்தில் ஓவர்கோட்டு என் கைக்கு வந்தது. பிறகு கம்பளிச் சட்டை வந்தது, அதற்குப் பின்னால் கழுத்துப்பட்டி. ஒவ்வொன்றையும் அரசாங்க உத்தியோகத்தர் அலுவலகக் கோவைகளை ஒப்படைக்கிற மாதிரித் தந்தார். நெற்றி மினுங்கியது. கண் மேசையிலிருந்த தேத்தண்ணிப் பக்கம் போய்ப் போய் வந்தது.

"பிள்ளை, கொஞ்சம் தண்ணி தாரும்" என்றார் அம்மாவிடம். தண்ணீர் குடித்தார். தண்ணீர் கணக்கில் சேருமா சேராதா என்று அம்மாவும் மாமாவும் குசினியில் குசுகுசுத்தார்கள். ஆனால் தண்ணீர் குடித்த வாய்க்குக் கறியின் வாசம் பட்டுவிட்டது. மேசைக்கு வந்தார். சோறும் ஆட்டிறைச்சியும் சாப்பிட்டார். ரசத்தைக் கையில் ஏந்திக் குடித்ததும் முகமெல்லாம் வேர்த்துக் கொட்டியது. அம்மா பொறுக்கமாட்டாமல் ஜன்னலைத் திறந்துவிட்டார். பனிக்காற்று உள்ளே வந்தும் வீடு அசையவில்லை. மரங்கள் வேண்டிய மட்டும் குடித்துவிட்டு, இப்போது நாலு பக்கமும் நின்று சூட்டைத் தந்துகொண்டிருந்தன.

ஓவசியர் சுவரில் முதுகைச் சாய்த்து, கால்களை நீட்டி, நிலத்திலேயே இருந்துவிட்டார்.

"இந்த நாட்டுக்கு வந்து எனக்கு இண்டைக்குத்தான் வேர்க்குது" என்றார்.

"எங்கட ஊர் வீட்டு விறாந்தையில மத்தியானம் இருக்கிற மாதிரிக் கிடக்கு" என்றார் அவர் மனைவி.

 ஓவசியர் சுவரை உள்ளங்கையால் தடவிக்கொண்டே, "அந்த வீட்டைக் கல்லாலதான் கட்டினன். ஒரு ஷெல்லுக்கு நிக்கேல்லையே" என்றார்.  ஒருவரும் ஒருவரையும் பார்க்கவில்லை. எனக்கு அழுகை வந்தது, ஏன் என்று தெரியாமலே.

அவர் மூக்கை உறிஞ்சிக்கொண்டு மாமாவைப் பார்த்தார்.

"தம்பி, மாத்திக் கட்ட ஒரு சாரம் இருக்குமோ?"

அம்மாவின் கையிலிருந்த அகப்பை விழுந்தது. பிறத்தியார் வீட்டில் எவனும் சாரம் கேட்கமாட்டான். சாரம் கேட்டால் அது சொந்தம் பேசுவதுதான். மாமா அறைக்குள் ஓடிய ஓட்டத்தில் கதவு நிலையில் தலையை இடித்துக்கொண்டார். தன்னிடம் இருந்ததிலேயே புதுச் சாரத்தைக் கொண்டுவந்து இரண்டு கையாலும் கொடுத்தார்.

வீட்டுக்காரர் வந்தபோது ஓவசியர் சாரமும் பெனியனுமாக, திறந்த ஜன்னலடியில் இருந்து டேனிஷ் பத்திரிகையால் விசிறிக்கொண்டிருந்தார். வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. வயலுக்கு அந்தப் பக்கத்திலிருந்து புகையையும் திறந்த ஜன்னலையும் கண்டு, பதறியடித்து வந்தவர் ஓவசியரின் சாரத்தை மேலும் கீழும் பார்த்தார். பிறகு நேரே போய் அடுப்பைத் திறந்தார். வாய்வரை விறகு.

யார் வைத்தது என்று மாமாவைக் கேட்டார். மாமா அம்மாவைப் பார்த்தார். அம்மா மாமாவைப் பார்த்தார். பெண் தன் கால்விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்குப் பதில் தெரியும், ஆனால் வாய் நிறையச் சாக்லேட் இருந்தது.

நல்லவேளை, ஓவசியர் சாரத்தை இறுக்கிக்கொண்டு எழும்பி, வீட்டுக்காரரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். "தம்பி, இவருக்குச் சொல்லும், நல்ல வீடு கட்டியிருக்கிறார் எண்டு. சுவர் நேரோ எண்டு மட்டும் நான் கையெழுத்து வைக்கமாட்டன்." மாமா முதல் பாதியை மட்டும் மொழிபெயர்த்தார். வீட்டுக்காரரின் முகம் மலர்ந்தது. ஜன்னலைத் தானே சாத்திவிட்டு, ஆறிப்போன தேத்தண்ணியைச் சூடாக்கச் சொல்லி எங்களோடு இருந்து குடித்தார். ஓவசியரும் குடித்தார். போகும்போது ஜெபமாலையைச் சுவரில் நீட்டிக்கொண்டிருந்த ஒரு மரமுளையில் மாட்டினார். "இஞ்சயே கிடக்கட்டும்" என்றார்.

கலியாணம் ஜூலை மாதம், கோல்டிங் கோயிலில் நடந்தது. டென்மார்க்கில் எப்போதாவது வரும் உண்மையான வெயில் அன்றைக்கு வந்திருந்தது. வந்தவர்கள் எல்லோரும் பாட்டுத் தாளால் விசிறிக்கொண்டிருந்தார்கள். பூசை முடிந்து பொம்பிளையும் மாப்பிள்ளையும் வாசலுக்கு வந்ததும், வீட்டிலிருந்து சுருட்டிக் கொண்டுவந்த என் கம்பளிச் சால்வையை எடுத்துக்கொண்டு ஓடினேன். வாசலில் கிடந்த கதிரையில் ஏறி நின்று மாமியின் தோளில் போர்த்தினேன்.

"மாமிக்குக் குளிர் தாங்காது" என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னேன்.

பிள்ளைக்கு என்ன நல்ல மனசு என்று ஓவசியர் என் தலையைத் தடவினார். மாமா ஒன்றும் விளங்காமல் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். மாமி பூச்செண்டால் முகத்தை மூடிக்கொண்டு, தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தார். சால்வையை மட்டும் கழற்றவில்லை. அந்தக் கலியாணப் படங்களில் எல்லாம் பட்டுச்சேலைக்கு மேல் என் பச்சைக் கம்பளி இருக்கிறது. இவ்வளவு குளிர் தாங்காத மனிசி இந்த நாட்டில் எப்படிக் காலம் தள்ளப்போகிறாரோ என்றுதான் எனக்கு அன்றைக்குப் பெரிய கவலை.