நிழலை அளக்கச் சொன்ன வக்கீல்

நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்தவன். நாலு பேர் கூடினால் எனக்கு நாக்கு எழாது. அப்படிப்பட்ட என்னைச் சாட்சிக் கூண்டில் ஏற்றிவிட்டது எங்கள் கிணறு.

கிணறு எனக்கும் என் பங்காளிக்கும் பொது. விடிந்ததிலிருந்து உச்சிப்பொழுது வரை நான் மாடு பூட்டி இறைக்க வேண்டும், பிறகு அவர். ஐம்பதுகளில் ஒரு வருடம், மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் நிலக்கடலை பூவெடுக்கிற நேரத்தில், உச்சிக்கு வெகு முன்பே அவர் மாட்டை ஓட்டிக்கொண்டு வர ஆரம்பித்தார். கேட்டால் கைக்கடிகாரத்தைக் காட்டி, பன்னிரண்டு ஆகிவிட்டது என்பார். என் கொல்லைப் பயிரில் பாதி காய்ந்தது.

எனக்காக வாதாடியவர் எங்கள் வட்டாரத்திலேயே வல்லம் பக்கத்து விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். பட்டணத்தில் சட்டம் படித்துவிட்டுத் திண்டிவனத்துக்கே திரும்பியவர். விழுப்புரம் கோர்ட்டுக்கு ரயிலில் போவார். அவருடைய கட்சிக்காரர்களான நாங்களும் கூடவே ஏறிக்கொள்வோம். அப்படி ஒரு நாள், மயிலம் வருவதற்குள் மற்றவர்கள் தங்கள் வழக்கைச் சொல்லி முடித்துவிட்டார்கள். நான் விழுப்புரம் வரை வாயே திறக்கவில்லை.

"மணியை எப்பிடிப்பா தெரிஞ்சிக்கினே?" என்று இறங்கும்போது கேட்டார்.

பிளாட்பாரத்தில் நின்று, என் நிழலை என் பாதத்தால் அளந்து காட்டினேன். அவர் சிரிக்கவில்லை. தன் நிழலையும் அளந்து பார்த்தார்.

விழுப்புரத்தில் விசாரணை நடந்தது. எதிர்த்தரப்பு வக்கீல், "உங்கிட்ட கடிகாரம் இருக்குதா?" என்றார்.

"இல்லீங்க."

"அப்புறம் எப்பிடிய்யா மணி சொல்றே? காக்கா வந்து சொல்லிட்டுப் போவுதா?"

எல்லோரும் சிரித்தார்கள்.

எங்கள் வக்கீல் எழுந்தார். "இவருக்குப் பேச வராதுங்க. செஞ்சு காட்டட்டும்."

ஜட்ஜே வெளியே வந்தார். நான் மண்ணில் வெறுங்காலோடு நின்றேன். தலையின் நிழல் விழுந்த இடத்தில் வக்கீலே குனிந்து ஒரு கல்லை வைத்தார். குதிகாலும் விரலும் ஒட்ட அளந்தேன். நாலடி.

"மாசி மாசத்துல உச்சின்னா மூணடிக்கு உள்ளதான் இருக்கும். இப்ப பதினொண்ணு கூட ஆவலீங்க."

ஜட்ஜ் தன் கடிகாரத்தைப் பார்த்தார். பத்தே முக்கால்.

தீர்ப்பு என் பக்கம் வந்தது. என் பிள்ளைகள் வளர்ந்தது அந்தக் காலை நேரத்துத் தண்ணீரில்தான்.

பிறகு அவர் எம்.எல்.ஏ. ஆனார். எங்கள் ஏரி மதகைப் பற்றிச் சட்டசபையில் பேசிச் சரிசெய்ய வைத்தார். அறுபதுகளில் ஒரு தேர்தலில் தோற்றுப்போனார். மறுநாள் ஆறுதல் சொல்லப் போனேன். முன்பெல்லாம் செருப்பு விட இடமில்லாமல் இருந்த அவர் வாசலில் அன்று என் செருப்பு மட்டும் கிடந்தது. வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு போன வார்த்தைகளில் ஒன்றும் வரவில்லை.

அவர் பழைய கறுப்புக் கோட்டை மாட்டிக்கொண்டே, "கோர்ட்டுக்கு நேரமாவுது. மணி என்னான்னு பாத்துச் சொல்லுப்பா" என்றார்.

அவர் தலைக்கு மேலே சுவர்க்கடிகாரம் ஓடிக்கொண்டிருந்தது. நான் வாசலில் இறங்கி நிழலை அளந்துவிட்டு வந்து, ஒன்பதரை என்றேன்.

"சரியாத்தான் இருக்கும்" என்று, திரும்பிக்கூடப் பார்க்காமல், வழக்குக் கட்டுகளை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.